"அண்ணை றைட்" மட்டும்தானா பாலச்சந்திரன்?

ஈழத்து நடிகர் கே. எஸ். பாலச்சந்திரனைப் பற்றி எங்கே கதை வந்தாலும் இரண்டு நிமிடத்துக்குள், அவர் பஸ் கொண்டக்டராக வந்து சிரிக்க வைத்த "அண்ணை றைட்" தனிநடிப்பு வந்துவிடும். யாராவது கொண்டக்டர் குரலில் கத்திக் காட்டுவார்கள், எல்லாரும் சிரிப்போம், அதோடு சரி. எனக்கு இதில் ஒரு மனக்குறை உண்டு.

1944இல் கரவெட்டியில் பிறந்தவர். மேடை, இலங்கை வானொலி, தொலைக்காட்சி, சினிமா என்று எல்லாவற்றிலும் கால் வைத்தார். கனடா போன பிறகும் விடவில்லை. 2009இல் வந்த "1999" படத்தில் நடித்தார், "கரையைத் தேடும் கட்டுமரங்கள்" என்று நாவலும் எழுதினார். 2014இல் ரொறன்ரோவில் காலமானார். இதையெல்லாம் வரிசையாகச் சொல்லிப் பொன்னாடை போர்த்துவது சுகம். ஆனால் ஒரு மனிதர் ஏன் இத்தனை வேலை செய்தார் என்று யாரும் கேட்பதில்லை. ஆசை ஒரு பக்கம். மற்றப் பக்கம், எங்கள் நாட்டில் தமிழ் நடிகன் ஒரே துறையில் நின்று வளர வழி இருக்கவில்லை. செங்கை ஆழியானின் நாவலை வைத்து 1978இல் "வாடைக்காற்று" படம் வந்தது, அதில் இவரும் நடித்தார். அந்த வருடம் இலங்கைத் தமிழ்ப் படங்கள் வேறும் சில வந்தன. அப்புறம்? யாழ்ப்பாணத்துத் தியேட்டர்களில் சனம் முண்டியடித்தது இந்தியப் படங்களுக்குத்தான். நல்ல நடிகர் ஒருவருக்குப் பத்து நல்ல பாத்திரம் கொடுக்க எங்களிடம் சினிமா இருக்கவில்லை. அதனால் தனக்கு வேண்டியதை அவரே எழுத வேண்டி வந்தது என்பது என் எண்ணம்.

சரி, "அண்ணை றைட்"டுக்கே வருவோம். அதைக்கூட நாங்கள் சரியாகக் கேட்கவில்லை. மேடையில் ஒரே ஆள். பஸ் இல்லை, சனம் இல்லை. தனிநடிப்பில் கஷ்டம் பேசுவதில் இல்லை, பேசாமல் நிற்பதில்தான். இல்லாத ஆச்சி பதில் சொல்லி முடிக்கும்வரை நடிகன் காத்திருக்க வேண்டும். ஆச்சிக்கு எவ்வளவு நேரம், பள்ளிக்கூடப் பெடியனுக்கு எவ்வளவு நேரம் என்பது வேறு வேறு. அரை விநாடி பிசகினால் பஸ் காணாமல் போய்விடும், மேடையில் தனியாகக் கத்துகிற ஒரு ஆள்தான் மிஞ்சுவார். பாலச்சந்திரனின் பஸ் கடைசிவரை ஓடியது. பருத்தித்துறை பஸ்ஸில் நெல்லியடிவரை நின்றுகொண்டே போனவர்களுக்கு அந்த நெரிசல் கண்ணை மூடினாலும் தெரியும்.

இந்தக் கணக்கு வானொலியில் பழகியதாகத்தான் இருக்கவேண்டும். சில்லையூர் செல்வராசன் எழுதிய "தணியாத தாகம்" தொடரில் இவர் சோமு. அங்கே முகம் உதவாது, கை உதவாது, குரல் ஒன்றுதான். கொண்டக்டராகச் சிரிக்க வைத்த அதே யாழ்ப்பாணத்துப் பேச்சு, சோமுவின் வாயில் வீடு வீடாக அழ வைத்தது. எங்கள் பேச்சுவழக்கு பகிடிக்குத்தான் சரி என்று நினைப்பவர்கள் இன்றைக்கும் இருக்கிறார்கள், அவர்களுக்கு இதைவிட வேறு பதில் தேவையில்லை.

இப்போது எங்கட பெடியள் நல்ல கமெரா வைத்துக் குறும்படம் எடுக்கிறார்கள். படப்பிடிப்பு அருமை. வாயைத் திறந்ததும் கோடம்பாக்கம் வந்துவிடுகிறது! கோபம் வந்தால் "டேய் மச்சி". உரும்பிராயில் எந்த அப்பா மகனோடு அப்படிக் கோபப்படுகிறார்? நாடகமும் அரங்கியலும் படிக்கிற பிள்ளைகளுக்குப் பாலச்சந்திரனின் பெயரைப் பாடமாக்கக் கொடுப்பதைவிட ஒலிப்பதிவைப் போட்டுக் காட்டலாம்.

அவருக்கு நினைவுக் கூட்டம் வைக்கிறவர்களிடம் ஒரு வேண்டுகோள். பேச்சாளர்களில் நாலு பேரைக் குறைத்துவிட்டு, புதுப் பிள்ளை ஒன்றுக்குப் பத்து நிமிடம் மேடையைக் கொடுங்கள். கொண்டக்டர் வேண்டாம். கிளினிக் வரிசையில் நம்பர் துண்டோடு நிற்கிற ஆச்சியைச் செய்யட்டும், வெளிநாட்டு மகனோடு வீடியோ கோலில் கதைக்கிற ஐயாவைச் செய்யட்டும். மைக்கை மட்டும் முதல் நாளே ஒருக்கால் பாருங்கள், எங்கட மண்டபங்களில் அது எப்போதும் கடைசி நேரத்தில்தான் காலை வாரும்.