பூ வரைக்கும் போதுமாம்

ஞாயிற்றுக்கிழமை எங்கள் குடியிருப்பில் ஒரு படத்தைப் பாதியில் நிறுத்திய கூத்தைப் பற்றி நேற்றே இரண்டு வரி எழுதியிருந்தேன். "இதுக்கெல்லாமா கோபப்படுவாங்க?" என்று கேட்டவர்களுக்காக இந்த நீளப் பதிவு.

பிள்ளைகளுக்குப் பகிர்ந்துகொள்ளச் சொல்லித்தரப் படம் போட்டார்கள். நார்மன் மெக்லாரன் 1952இல் கனடாவில் எடுத்த 'நெய்பர்ஸ்', எட்டே நிமிடம். பரிந்துரைத்த பாவி நான்தான். சண்டை ஆரம்பித்ததும் பட்டென்று நிறுத்தி, "பாத்தீங்களா குட்டீஸ், பூவை ஷேர் பண்ணிக்கணும்!" கைதட்டல். சமோசா.

ஐயா, அந்தப் படத்தில் யாரும் எதையும் பகிர்ந்துகொள்வதே இல்லை! படமே அதுதான். பக்கத்து வீட்டுக்காரர்கள் இருவர், நடுவில் ஒரு பூ. முகர்ந்து சொக்கிப்போகிறார்கள். அப்புறம் என்னுது உன்னுது, வேலி, அடிதடி. பூ மிதிபட்டு நசுங்கிய பிறகும் சண்டை நிற்பதில்லை. வீட்டை இடித்து, மனைவி குழந்தையைக் கொன்று, கடைசியில் இருவரும் செத்த பிறகுதான் கல்லறைக்கு ஒன்றாக ஆளுக்கொரு பூ கிடைக்கிறது. கொரியப் போர் நடந்துகொண்டிருந்த நேரத்தில் எடுத்த படம். அந்த முடிவை வெட்டிவிட்டால் மிச்சம் என்ன, தோட்டக்கலையா?

"சின்னப் பிள்ளைங்க பயந்துடும்" என்றார் ஒருவர். நியாயம்தான், ஒத்துக்கொள்கிறேன். அப்படியானால் போடாதீர்கள். பாதியில் நிறுத்திப் பொய் சொல்லாதீர்கள். தாயையும் குழந்தையையும் தாக்கும் காட்சியை அந்தக் காலத்திலேயே வெட்டித்தான் காட்டினார்கள். வியட்நாம் போர் சமயத்தில்தான் திரும்பச் சேர்த்தார்கள். ஆக, கத்தரி எடுத்த முதல் ஆள் நீங்கள் இல்லை, பெருமைப்பட வேண்டாம்.

"மனுஷங்க நடிக்கிறாங்க, இது எப்படி அனிமேஷன்?" என்றார் இன்னொருவர். நடிகர்களையே பொம்மை மாதிரி ஃபிரேம் ஃபிரேமாக நகர்த்தி எடுத்தது. சரி விடுங்கள், ஆஸ்கர்காரர்களே அதற்கு ஆவணப்பட விருதைக் கொடுத்தார்கள். உங்களைச் சொல்லி என்ன?

எங்கள் அப்பாவுக்கும் பெரியப்பாவுக்கும் நடுவில் இருந்தது முருங்கை. மரம் அவர்கள் பக்கம், காய்க்கிற கிளை எங்கள் பக்கம். ஒருநாள் பள்ளிக்கூடம் விட்டு வந்தால் மரமே இல்லை. வெட்டியது யார் என்று இருவரும் கடைசிவரை வாய் திறக்கவில்லை. அப்புறம் சுவர் வந்தது. அக்கா கல்யாண ஊர்வலத்தைப் பெரியப்பா மொட்டைமாடியில் நின்று பார்த்தார். கீழே இறங்கவில்லை. நாங்களும் கூப்பிடவில்லை. யாராவது எங்களுக்கு அந்த எட்டு நிமிடத்தையும் முழுசாகக் காட்டியிருக்கலாம் என்று இப்போதும் நினைத்துக்கொள்வேன். பாதியை நாங்களே பார்த்துவிட்டோம்.

"எதுக்கு சார் இவ்வளவு நெகட்டிவ்?" என்று வாட்ஸ்அப் குழுவில் கேட்ட இரண்டாம் மாடி நண்பருக்கு ஒன்று. போன மாதம் என் கார் மஞ்சள் கோட்டைத் தாண்டி அரையடி வந்ததற்கு நீங்கள் எவ்வளவு நேரம் கத்தினீர்கள் என்பதை நான் இங்கே எழுதப்போவதில்லை. ஆனால் அந்தக் கோடு போட்டதே தப்பான இடத்தில். டேப் வைத்து அளந்துவிட்டேன்.