பெரும்போகத்துக்கு எடுத்த சேர்வரை யார் நிறுத்துவது?

கடந்த கார்த்திகை மாதம், மழை விடாமல் பெய்துகொண்டிருந்த ஒரு பிற்பகலில், கிளிநொச்சி மாவட்டத்தில் உள்ள ஓர் அரிசி ஆலையின் அலுவலக அறையில் முதலாளியும் நானும் மூன்று மாதத்துக் கிளவுட் பில்களை மேசையில் விரித்துவைத்துப் பார்த்துக்கொண்டிருந்தோம். நெல் கொள்வனவு, நிறுவைச் சீட்டு, விவசாயிகளுக்கான கொடுப்பனவு, மூன்று விற்பனை நிலையங்களின் கணக்கு ஆகிய எல்லாவற்றையும் அவர் இரண்டு ஆண்டுகளுக்கு முன் கிளவுட்டுக்கு, அதாவது இணையம் வழியாக வாடகைக்கு எடுக்கும் கணினிகளுக்கு, மாற்றியிருந்தார். மாற்றிக் கொடுத்தவன் நான். அவர் ஒரு பில்லை எடுத்து விரலால் கடைசி வரியைத் தொட்டுக் கேட்டார்: "தம்பி, இந்த மாதம் ஒரு மூட்டை நெல்லும் உள்ளுக்கு வரேல்லை. பிறகேன் மாசி மாதம் வந்த அதே காசு வந்திருக்கு?"

அந்தக் கேள்விக்கு என்னிடம் நேர்மையான ஒரே ஒரு பதில்தான் இருந்தது. அறுவடைக் கூட்டத்தைத் தாங்குவதற்காக நான் எடுத்துக்கொடுத்த பெரிய சேர்வர் (கணக்குகள் எல்லாம் ஓடும் அந்த வாடகைக் கணினி), அறுவடை முடிந்து பல மாதங்கள் கடந்த பிறகும் அதே அளவில் இரவும் பகலும் ஓடிக்கொண்டிருந்தது. அதைச் சிறிதாக்குவது யாருடைய வேலை என்று நாங்கள் ஒருபோதும் பேசவில்லை. அவர் அது என்னுடைய வேலை என்று நினைத்திருந்தார். நான் அவர் சொன்னால் செய்யலாம் என்று இருந்துவிட்டேன். இதை இங்கே விரிவாக எழுதுவதற்குக் காரணம், வன்னியில் இன்று ஆலைகளும், கூட்டுறவுச் சங்கங்களும், மொத்த வியாபாரிகளும், தனியார் கல்வி நிலையங்களும் ஒன்றன்பின் ஒன்றாகக் கிளவுட்டுக்கு மாறிக்கொண்டிருக்கின்றன என்பதும், அவர்களுள் பலர் இதே இடத்தில் வந்து நிற்பதை நான் காண்கிறேன் என்பதுமே.

என்னுடைய கருத்து இதுதான்: கிளவுட் செலவைக் கணிக்கும் பொறுப்பைக் கணினி தெரிந்தவரிடம் மட்டும் விட்டுவிடக் கூடாது. அந்தக் கணிப்பு தொழிலின் சொந்த அளவையில், அதாவது மூட்டையிலும் போகத்திலும் செய்யப்பட வேண்டும். அதைத் தொழிலின் உரிமையாளரே முன்னின்று செய்ய வேண்டும்.

இது நமக்குப் புதிய பழக்கம் அன்று. ஒவ்வொரு சிறுபோகத்துக்கும் முன்னர் பயிர்ச்செய்கைக் கூட்டம் நடைபெறுகிறது. இரணைமடுக் குளத்தில் எத்தனை அடி தண்ணீர் நிற்கிறது என்று நீர்ப்பாசனப் பொறியியலாளர் சொல்கிறார். அந்தத் தண்ணீருக்கு எத்தனை ஏக்கர் செய்யலாம் என்று விவசாயிகளும் அதிகாரிகளும் வாதாடித் தீர்மானிக்கிறார்கள். தண்ணீர் திறக்கும் திகதியோடு தண்ணீர் நிறுத்தும் திகதியும் அதே கூட்டத்தில் குறிக்கப்படுகிறது. இந்த இரண்டாவது திகதியைத்தான் நாங்கள் கணினியில் மறந்துவிடுகிறோம். துருசைத் திறக்க எல்லோரும் வருகிறோம். அறுவடைக்குப் பிறகு அதைப் பூட்ட ஒருவரையும் நியமிப்பதில்லை.

கிளவுட் என்ற ஏற்பாட்டின் அடிப்படையே மணிக்கணக்கு வாடகைதான். 2006ஆம் ஆண்டு அமேசன் தன்னுடைய சேமிப்பகத்தையும் சேர்வர்களையும் வாடகைக்கு விடத் தொடங்கியபோது, எந்திரத்தை வாங்க வேண்டியதில்லை, ஓடுகிற நேரத்துக்கு மட்டும் பணம் கட்டினால் போதும் என்பதே அதன் கவர்ச்சியாக இருந்தது. ஆண்டு முழுவதும் ஒரே அளவில் வேலை நடக்கும் கொழும்பு அலுவலகம் ஒன்றைக் காட்டிலும், ஆண்டில் சில மாதங்கள் மூச்சுவிட நேரமின்றியும் மற்ற மாதங்கள் ஓய்வாகவும் இருக்கும் வன்னித் தொழில்களுக்கே அது அதிகம் பொருந்தும். ஆனால் வாடகைக்கு எடுத்ததைச் சொந்தமாக வாங்கியதைப் போல ஓடவிட்டால், அந்த நன்மை முழுவதும் கைநழுவிப் போகிறது.

அன்று நாங்கள் போட்ட கணக்கை அப்படியே தருகிறேன். கணக்கு எளிதாக இருப்பதற்காக, அறுவடைக் காலத்துக்குப் போதுமான சேர்வர் ஒன்றின் வாடகை மணிக்கு 18 டொலர் சதம் என்று வைத்துக்கொள்வோம். மாதத்துக்கு 730 மணித்தியாலங்கள் என்பது இந்தத் துறையில் வழக்கமான கணக்கு. அப்படியானால் மாதம் 131.40 டொலர், ஆண்டுக்கு 1,576.80 டொலர். அதில் கால்பங்கு அளவுள்ள சேர்வர் மணிக்கு நாலரைச் சதம், மாதத்துக்கு 32.85 டொலர். பெரும்போக அறுவடைக்கும் சிறுபோக அறுவடைக்குமாக ஐந்து மாதங்கள் பெரியதையும், எஞ்சிய ஏழு மாதங்கள் சிறியதையும் ஓட்டினால் ஆண்டுச் செலவு 886.95 டொலருக்கு இறங்கிவிடும். டொலரை 300 ரூபாயாகக் கொண்டால் மிச்சம் ஏறக்குறைய இரண்டு இலட்சத்து ஏழாயிரம் ரூபாய்.

முதலாளி அதோடு விடவில்லை. மேசை லாச்சியைத் திறந்து, மூலை மடிந்த ஒரு சி.ஆர். கொப்பியை எடுத்தார். அதில் ஒவ்வொரு போகத்துக்கும் வந்த மூட்டைகளை அவர் தன் கையால் கூட்டி எழுதி வைத்திருந்தார். ஆண்டுக்கு நாற்பதாயிரம் மூட்டை என்று எடுத்துக்கொண்டு வகுத்தபோது, இப்போதைய முறையில் ஒரு மூட்டைக்குக் கிட்டத்தட்ட 12 ரூபாயும், போகத்துக்கு ஏற்ப மாற்றினால் 7 ரூபாயும் என்று வந்தது. சாக்குக்கும், தையல் நூலுக்கும், ஏற்றி இறக்குவோரின் கூலிக்கும் மூட்டைக்கு எவ்வளவு போகிறது என்பதைச் சத அளவில் மனத்தில் வைத்திருக்கும் ஒருவருக்கு, டொலரில் ஓர் எண்ணைச் சொல்லிக்கொண்டிருந்த நான் இரண்டு ஆண்டுகளாக ஒன்றையும் விளங்கவைக்கவில்லை என்பது அந்த நிமிடத்தில்தான் எனக்குத் தெரிந்தது. மூட்டைக்கு 12 ரூபாய் என்றதும் அவர் தானாகவே அடுத்த கேள்விகளைக் கேட்கத் தொடங்கிவிட்டார்.

இரவு ஏழு மணிக்குப் பிறகு இதை ஏன் ஓட விடுகிறோம் என்பது அவற்றில் முதலாவது. ஆலை அலுவலகம் காலை ஏழு முதல் மாலை ஏழு வரை, மாதத்தில் 26 நாட்கள் இயங்குகிறது என்றால் அது 312 மணித்தியாலங்கள். 730இல் பாதிக்கும் குறைவு. இரவில் சேர்வரைத் தானாக நிறுத்தி விடியற்காலையில் தொடக்கும் ஏற்பாடு கடினமானதன்று. ஆனால் ஒன்றைச் சொல்லிவைக்க வேண்டும்: சேர்வரை நிறுத்தினாலும் அதனோடு இணைந்த, தரவைச் சேமிக்கும் வட்டுக்கான வாடகை ஓடிக்கொண்டேயிருக்கும். அதற்கென ஒதுக்கிய பொது ஐபி முகவரிக்கும், அதாவது இணையத்தில் அதை அடையாளம் காட்டும் எண்ணுக்கும், அப்படியே. அமேசன் 2024 பெப்ரவரி 1 முதல் இத்தகைய ஒவ்வொரு பொது முகவரிக்கும் (ஐபிவி4) மணிக்கு அரைச் சதம் அறவிடுகிறது. மாதத்துக்கு ஓர் ஆயிரத்து நூறு ரூபாய் அளவில் வரும் இந்தத் தொகை தனியாகப் பெரிதில்லை. ஆனால் பரீட்சித்துப் பார்க்க எடுத்து மறந்துபோன நான்கைந்து முகவரிகள் ஒரு கணக்கில் கிடப்பதை நான் ஒரு முறைக்கு மேல் கண்டிருக்கிறேன்.

அவருடைய இரண்டாவது கேள்வி நிறுவைச் சீட்டுப் படங்களைப் பற்றியது. இதுதான் எங்களை அதிகம் திகைக்கவைத்தது. அறுவடை நாட்களில் ஒவ்வொரு நிறுவைச் சீட்டையும் கைத்தொலைபேசியில் படம் எடுத்து ஏற்றுகிறார்கள். நாளொன்றுக்கு 150 படங்கள், ஒன்று 2 எம்பி, 60 நாட்கள் என்றால் 18 ஜிபி சேரும். அமேசனின் மும்பாய் வலயத்தில் (அங்குள்ள அதன் கணினி நிலையங்களில்) ஒரு ஜிபியை ஒரு மாதம் வைத்திருப்பதற்கு இரண்டரைச் சதம் அளவில்தான் செல்லும். ஆகவே அத்தனை படங்களையும் வைத்திருக்க மாதம் 45 சதம். இதைப் பார்த்து மகிழ்ந்துபோகும் எவரும் அடுத்த வரியைப் பார்ப்பதில்லை. உள்ளே ஏற்றுவதற்குப் பணம் இல்லை. வெளியே இறக்குவதற்குத்தான் பணம். மாதத்தில் முதல் 100 ஜிபி இலவசம், அதன்பின் அந்த வலயத்தில் ஜிபிக்கு ஏறத்தாழ 11 சதம். அலுவலகக் கணினியில் பிரதி வைப்பதற்காக எழுதப்பட்ட ஒரு சிறு நிரல், புதிய படங்களை மட்டும் எடுக்காமல் ஒவ்வோர் இரவும் கோப்புறை முழுவதையும் மறுபடி இறக்கிக்கொண்டிருந்தது. 18 ஜிபி முப்பது இரவுகளுக்கு 540 ஜிபி. இலவசம் போக 440 ஜிபிக்கு 48 டொலருக்கு மேல். வைத்திருக்க 45 சதமும், எடுத்துப்போக 48 டொலரும் ஆகும் ஒரு களஞ்சியத்தை வெளியில் எவராவது வாடகைக்குப் பிடிப்போமா? புதிய கோப்புகளை மட்டும் இறக்கும்படி நிரலைத் திருத்த எனக்கு அரை மணித்தியாலம் போதுமாக இருந்தது. அந்த அரை மணித்தியாலத்துக்கு முன் எத்தனை மாதங்கள் பணம் வீணாகப் போயிருந்தது என்பதை அவரோடு இருந்தே கூட்டிப் பார்த்தேன். அந்தத் தொகையை என்னுடைய அடுத்த கொடுப்பனவில் கழித்துக்கொள்ளும்படி சொன்னேன்.

ஒப்பந்த விலையைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஓர் ஆண்டுக்கோ மூன்று ஆண்டுகளுக்கோ இவ்வளவு பயன்படுத்துவேன் என்று முன்கூட்டியே உறுதி கொடுத்தால் கிளவுட் நிறுவனங்கள் கணிசமாகக் கழிவு தருகின்றன. 72 சதவீதம் வரை என்று அமேசன் விளம்பரப்படுத்துகிறது. கழிவைக் கண்டதும் அறுவடைக் கால அளவுக்கே உறுதி கொடுத்துவிடும்படி ஆலோசனை சொல்பவர்கள் இருக்கிறார்கள். போகத் தொழில் செய்பவர்களுக்கு அது தவறான ஆலோசனை என்பதே என் உறுதியான கருத்து. உறுதி கொடுத்த தொகை, பயன்படுத்தினாலும் பயன்படுத்தாவிட்டாலும், ஒவ்வொரு மணிக்கும் அறவிடப்படும். ஆகவே ஆண்டின் மிகவும் ஓய்வான மாதத்தில் எவ்வளவு தேவையோ அந்த அடிமட்ட அளவுக்கு மட்டும் உறுதி கொடுத்து, அறுவடையில் வரும் மேலதிகத்துக்கு மணிக்கணக்கில் முழு விலை கொடுப்பதே நமக்கு இலாபம். அதையும் குறைந்தது ஒரு பெரும்போகமும் ஒரு சிறுபோகமும் ஓட்டிப் பார்த்த பிறகே செய்ய வேண்டும்.

எல்லாக் கணக்கிலும் மறைந்திருக்கும் இன்னோர் எண் டொலரின் விலை. 2022ஆம் ஆண்டு தொடக்கத்தில் ஏறத்தாழ 200 ரூபாயாக இருந்த டொலர், மே மாதத்தில் 360 ரூபாய் வரை போனது. மேலே சொன்ன அதே 131.40 டொலர் பில், ஒரு சேர்வரும் கூடாமல், 26,280 ரூபாயிலிருந்து 47,304 ரூபாய் ஆகியிருக்கும். நாங்கள் நெல்லை வாங்குவதும் அரிசியை விற்பதும் ரூபாயில். எனவே அன்றைய வங்கி விலையில் மட்டும் கணிப்பைப் போடாமல், பத்து வீதம் கூடுதலாக வைத்தும் ஒரு முறை போட்டுப் பார்த்து, அந்தத் தொகையையும் தொழில் தாங்குமா என்று கேட்டுக்கொள்வதை நான் இப்போது கட்டாயமாக்கியிருக்கிறேன்.

செலவு ஒரு தொகையைத் தாண்டினால் மின்னஞ்சல் அனுப்பும் எச்சரிக்கையை எல்லா நிறுவனங்களும் தருகின்றன. அதை முதல் நாளே அமைத்துவிட வேண்டும். ஆனால் அது உடனுக்குடன் வருவதில்லை, செலவுக் கணக்கு பல மணித்தியாலங்கள் பிந்தியே புதுப்பிக்கப்படுகிறது. தனியாக ஏற்பாடு செய்யாதவரை அது எதையும் நிறுத்துவதுமில்லை. அந்த மின்னஞ்சல் யாருக்குப் போகிறது என்பதே முக்கியம். இந்த ஆலையில் அது என்னுடைய பழைய முகவரி ஒன்றுக்குப் போய்க்கொண்டிருந்தது. இப்போது முதலாளிக்கும் கணக்குப் பிள்ளைக்கும் சேர்ந்து போகிறது.

எல்லோரும் கிளவுட்டுக்கு மாற வேண்டும் என்றும் நான் சொல்லவில்லை. ஒரே இடத்தில் மூன்று கணினிகளோடு இயங்கும் கடைக்கு, ஒரு நல்ல கணினியும் யூபிஎஸ்ஸும் போதும். கணக்கின் பிரதியை மட்டும் ஒவ்வோர் இரவும் கிளவுட்டில் வைத்தால் செலவு மிகவும் குறைவு. ஆனால் ஆலைக்குள் தவிட்டுத் தூசி படியும் அறையில் சேர்வரை வைத்தவர்களும், ஐப்பசி இடி மின்னலில் எந்திரத்தை இழந்தவர்களும், 2022இல் நீண்ட மின்வெட்டுகளுக்கிடையில் ஜெனரேட்டருக்கு டீசல் தேடி அலைந்தவர்களும் நம்மிடையே இருக்கிறார்கள். அந்த இழப்புகளுக்கும் மூட்டைக் கணக்கில் ஒரு விலை உண்டு. இரண்டையும் ஒரே கொப்பியில் எழுதித்தான் முடிவெடுக்க வேண்டும்.

அந்தப் பிற்பகல் முடிவில் முதலாளி தன் சி.ஆர். கொப்பியில் புதிய பக்கம் ஒன்றைத் திறந்து, நடுவில் ஒரு கோடு கீறினார். இடப்பக்கம் பெரிய சேர்வரைத் தொடக்கும் திகதி, தை 20. வலப்பக்கம் நிறுத்தும் திகதி, பங்குனி 31. அதன் கீழே கணக்குப் பிள்ளையின் பெயர். சிறுபோகத்துக்கான வரியை வெறுமையாக விட்டார். கூட்டம் முடிந்து எத்தனை ஏக்கர் என்று தெரிந்த பிறகு நிரப்பலாம் என்றார்.

கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா, மன்னார் பக்கம் இப்படிப் பில் கட்டிக்கொண்டிருக்கும் எவராவது இருந்தால், கடைசி மூன்று மாதப் பில்களையும் அதே மூன்று மாதங்களின் கொள்வனவு அல்லது விற்பனைக் கணக்கையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு எனக்கு உட்பெட்டியில் எழுதுங்கள். பில்லை மட்டும் அனுப்பினால் என்னால் எதுவும் சொல்ல முடியாது.