1/48 எல்லா இடத்துக்கும் பொருந்தாது

"24 ஃப்ரேம், 180 டிகிரி ஷட்டர், அதைத் தொடவே கூடாது, லைட் மினுக்கினா எடிட்ல பாத்துக்கலாம்" என்று மேலே ஒருவர் எழுதியிருக்கிறார். அதாவது விநாடிக்கு 24 ஃப்ரேம், ஒவ்வொன்றுக்கும் ஷட்டர் 1/48 விநாடி திறந்திருக்கும். பகல் வெளிச்சத்துக்குச் சரி. ராத்திரி மதுரை மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டில் இயக்கம், ஒளிப்பதிவு இரண்டையும் தனி ஆளாகப் பார்ப்பவர் இதை நம்பினால் மாட்டிக்கொள்வார்.

நம் ஊர் கரண்ட் 50 ஹெர்ட்ஸ். சோக் வைத்த பழைய டியூப்லைட்டும் மலிவான எல்இடியும் விநாடிக்கு 100 முறை ஏறி இறங்கும். 1/48-இல் இரண்டு துடிப்போடு மூன்றாவதில் ஒரு துணுக்கும் உள்ளே வரும், மினுக்கல் லேசாகத்தான் தெரியும். ஃபோன் ஆட்டோவில் 1/60 போனால் அப்பட்டம். 24-இலேயே எடுக்க, ஷட்டரை 172.8 டிகிரியில் வையுங்கள்; கணக்கு 1/50-க்கு, அதாவது சரியாக இரண்டு துடிப்புக்கு, வந்துவிடும். ஸ்லோமோஷனில் 60 ஃப்ரேம் என்றாலும் 1/120 வேண்டாம், 1/100.

எடிட்டில் முழு ஃப்ரேமின் வெளிச்சத்தைச் சமன் செய்யலாம். ரோலிங் ஷட்டரால் (ஃப்ரேமை ஒரே நேரத்தில் இல்லாமல் வரிவரியாகப் பதிவதால்) ஓடும் முகத்தின்மேல் பட்டை ஊர்ந்தால் துடைப்பது பெரும்பாடு. முகமே மொழுக்கென்று ஆகிவிடும்.

சித்திரைத் திருவிழா சீரியல் செட் விளக்குகள் தனி ரகம். ஜெனரேட்டரில் ஓடினால் ஹெர்ட்ஸே நிலையாக நிற்காது. 10 விநாடி எடுத்து, வெள்ளைச் சுவர் தெரியும் இடத்தைப் பெரிதாக்கிப் பார்த்து, ஷட்டரைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்துங்கள்.