பிப்ரவரி 30 அச்சுப்பிழை அல்ல

டோல்கீனின் 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' நாவலில் வரும் கற்பனை நாடான ஷயரைப் பற்றி, 'ஷயர் நாட்காட்டி நம்முடைய ஜனவரி-டிசம்பர்தான், பெயர்களை மட்டும் மாற்றிவிட்டார். பின்னிணைப்பில் பிப்ரவரி 30 என்று வருவது அச்சுப்பிழை' என்று மேலே எழுதியிருக்கிறீர்கள். அது சரியில்லை, நண்பரே.

நாவலின் பின்னிணைப்பு டி-யைப் பாருங்கள். ஷயரில் 12 மாதங்களுக்கும் சரியாக 30 நாள்தான், பிப்ரவரிக்கும் சேர்த்து. மிச்சம் 5 நாள் எந்த மாதத்திலும் சேராது: ஆண்டின் முதலிலும் கடைசியிலும் யூல் எனப்படும் நாள் ஒவ்வொன்று, நடுவில் லித் எனப்படும் நாட்கள் இரண்டு, அவற்றுக்கிடையே நடு ஆண்டு நாள். லீப் ஆண்டில் அதையொட்டி ஓவர்லித் என்று இன்னொரு நாள்.

எனக்கு மிகவும் பிடித்தது இனிதான். நடு ஆண்டு நாளுக்கும் ஓவர்லித்துக்கும் கிழமையே கிடையாது. அவற்றை விட்டால் 364 நாள், அதாவது மிச்சமில்லாமல் 52 வாரம். அதனால் ஒவ்வொரு ஆண்டும் சனிக்கிழமை தொடங்கி வெள்ளிக்கிழமை முடியும். தேதிக்கும் கிழமைக்கும் உள்ள உறவு மாறவே மாறாது. கதையில் வரும் பில்போவின் பிறந்தநாளான செப்டம்பர் 22-ஐ எண்ணிப் பாருங்கள்: கிழமையில்லாத நாளை விட்டுவிட்டால் 265-ஆவது நாள். ஏழால் வகுத்தால் மீதி 6. சனியிலிருந்து ஆறாவது, வியாழன். முதல் அத்தியாயத்தில் அவருடைய பிறந்தநாள் விருந்தும் வியாழக்கிழமைதான் நடக்கிறது! டோல்கீன் இவ்வளவு கணக்குப் பார்த்து வைத்ததைப் பிழை என்று தள்ளிவிடாதீர்கள். அப்புறம், அந்த பிப்ரவரி 30-இல்தான் கதையில் வரும் மர மனிதர்களான என்டுகளின் கூட்டம் தொடங்குகிறது.