மூடைக் கெடுக்கும் பதிவு

நம் குழுவின் ஞாயிற்றுக்கிழமைத் திரையிடலில் நடந்தது உங்களில் பாதிப் பேருக்குத் தெரியும். மீதிப் பேருக்கு, நான்தான் சண்டை இழுத்தேன் என்று வாட்ஸ்அப்பில் வந்திருக்கும். சரி, அப்படியே இருக்கட்டும்.

"இந்தக் குழந்தைங்க நடிக்கவே இல்லைங்க, சும்மா விளையாடினாங்க, கேமரா வேடிக்கை பார்த்துச்சு" என்று மேடையில் ஒருவர் உருக, அரங்கமே கைதட்டியது. எனக்குத் தட்ட வரவில்லை. எழுந்து "அது வேலைங்க" என்றேன். "மூடைக் கெடுக்காதீங்க மேடம்" என்று பதில் வந்தது. எல்லாரும் சிரித்தார்கள். நன்றாகவே சிரித்தார்கள்.

போட்ட படம் 1930இல் வந்த 'டீச்சர்ஸ் பெட்'. தயாரிப்பாளர் ஹால் ரோச்சின் ஸ்டுடியோ எடுத்த, குழந்தைகள் கூட்டமாக நடிக்கும் 'அவர் கேங்' நகைச்சுவை வரிசையில் ஒரு குறும்படம். புது டீச்சரை விரட்ட வெள்ளை எலி, எறும்பு, தும்மல் பொடி எல்லாம் ஏற்பாடு செய்யும் ஜாக்கி, வழியில் தன்னைக் காரில் ஏற்றிக்கொண்ட அழகான அக்காவிடமே மொத்தத் திட்டத்தையும் உளறிக்கொட்டுவான். அந்த அக்காதான் புது டீச்சர் மிஸ் கிராப்ட்ரீ. படம் எனக்கும் ரொம்பப் பிடிக்கும். காரில் அந்தப் பையன் ஜாக்கி கூப்பர் பேசும் அழகைப் பாருங்கள். பெரிய மனுஷத் தோரணை, நடுவில் ஒரு அசட்டுச் சிரிப்பு, சரியான இடத்தில் ஒரு நிறுத்தம். ஏழெட்டு வயது. இதைப் போய் 'சும்மா இருந்தான்' என்றால் எப்படி?

மௌனப் படக் காலத்தில் இயக்குநர் ராபர்ட் மெக்கோவன் கேமரா ஓடும்போதே பிள்ளைகளுக்குச் சொல்லிச் சொல்லி நடிக்க வைத்தார். 1929இல் இந்த வரிசை பேச ஆரம்பித்ததும் அது முடிந்தது. மைக் எல்லாவற்றையும் பிடித்துவிடுமே. வசனம் மனதில் நிற்க வேண்டும், எதிராளி முடித்ததும் தன் வரியை எடுக்க வேண்டும், அதுவும் இப்போதுதான் தோன்றியதுபோல. அது வேலை. பெரியவர்களே தடுமாறிய வேலை.

ஜன்னலுக்கு வெளியே மரத்துண்டுகளுக்காகச் சண்டை போட்ட சிறுவர்களைப் பார்த்துத்தான் இந்த யோசனையே வந்தது என்று ரோச் சொன்ன கதையையும் மேடையில் சொன்னார்கள். அழகான கதை. ஆனால் ஜன்னலுக்கு வெளியே இருந்தவரைதான் அது விளையாட்டு. ஒப்பந்தம் போட்டு உள்ளே கூட்டிவந்த பிறகு?

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்பவர்களுக்கு: என் அக்கா மகள் சின்ன வயதில் ஒரு ஐஸ்கிரீம் விளம்பரத்தில் நடித்தாள். துணைக்கு நான் போயிருந்தேன். அந்த விளக்குச் சூட்டில் நிஜ ஐஸ்கிரீம் உருகிவிடும் என்று, சாயம் கலந்த உருளைக்கிழங்கு மசியலைக் கோனில் வைத்துக் கொடுத்தார்கள். அதை அவள் கண்ணைச் சொருகிக்கொண்டு நக்க வேண்டும், திரும்பத் திரும்ப. நடுவில் பிளாஸ்டிக் நாற்காலியிலேயே தூங்கிப்போனாள். எழுப்பியவுடன் "சித்தி, இந்தத் தடவை சரியா வந்துச்சா?" என்றுதான் கேட்டாள். விளம்பரம் வந்ததும் சொந்தக்காரர்கள் எல்லாரும் ஒரே பாட்டு: "என்ன ஆசையா சாப்பிடுது பாரு!" 'அவ நடிச்சிருக்கா' என்று ஒருத்தர் வாயிலிருந்தும் வரவில்லை.

'சம்பளம் கொடுத்தார்களே, ஸ்டுடியோவிலேயே பாடம் நடத்த டீச்சர் இருந்தாரே' என்கிறீர்கள். ஆமாம், இருந்தார். சம்பளம் கொடுத்தார்கள் என்றால் அது வேலை என்றுதானே அர்த்தம்? என் கட்சிக்கே வந்துவிட்டீர்கள், நன்றி. 'கறுப்பினப் பிள்ளைகளைக் காட்டிய விதம் பற்றி ஏன் பேசவில்லை' என்று இன்னொருவர். பேசவேண்டியதுதான், இந்த வரிசையில் நடித்த கறுப்பினச் சிறுவர்கள் ஃபரீனா, ஸ்டைமி இருவருக்கும் தனிப் பதிவே போடலாம், இதில் அடங்காது.

'குழந்தைகள் சந்தோஷமாகத்தானே இருந்தார்கள்' என்பவர்களுக்கு மட்டும் விரிவாகச் சொல்கிறேன். இதே ஜாக்கி கூப்பர் அடுத்த வருஷம் 'ஸ்கிப்பி'யில் நடித்தார். அழுகை வரவில்லை என்று, அவருடைய நாயைச் சுட்டுவிடுவதாக மிரட்டி அழ வைத்தார்கள். மிரட்டிய இயக்குநர் நார்மன் டாரோக், பையனுடைய அம்மாவின் சகோதரியைக் கல்யாணம் செய்தவர். கூப்பர் 1981இல் எழுதிய சுயசரிதைக்கே 'தயவுசெய்து என் நாயைச் சுடாதீர்கள்' என்றுதான் பெயர். இயக்குநருக்கு ஆஸ்கர் கிடைத்தது. பையனுக்குப் பரிந்துரை மட்டும், ஒன்பது வயதில். அந்த அழுகையைப் பார்த்தும் எவ்வளவு பேர் 'இயல்பு, இயல்பு' என்று கைதட்டியிருப்பார்கள்!

1955 முதல் இந்தப் படங்கள் 'தி லிட்டில் ராஸ்கல்ஸ்' என்று அமெரிக்கத் தொலைக்காட்சியில் வருஷக்கணக்கில் ஓடின. நடித்தவர்களுக்கு அந்த மறு ஒளிபரப்பில் ஒரு காசு போகவில்லை. விளையாடினவர்களுக்கு எதற்குக் காசு, இல்லையா?

எனக்கு வருத்தம் அந்தப் பேச்சாளர் மேல்கூட இல்லை. இத்தனை வருஷமாக நாற்காலி எடுத்துப் போட்டு, ப்ரொஜெக்டருக்கு ஒயர் இழுத்த என்னைப் பார்த்து நீங்கள் சிரித்ததுதான். 'மேடத்துக்கு எல்லாமே பிரச்சினை' என்று குழுவில் எழுதியவரும் என் வீட்டில் காபி குடித்தவர்தான்.

அடுத்த மாதம் சாப்ளினின் 'தி கிட்' போடுகிறீர்களாம். அதில் நடித்த பையன் ஜாக்கி கூகன் சம்பாதித்ததை அம்மாவும் மாற்றாந்தந்தையும் செலவழித்துத் தீர்த்ததால் அவர் 1938இல் வழக்குப் போட்டதும், மறு வருஷம் கலிபோர்னியாவில் அதற்கென்று சட்டமே வந்ததும் உங்களுக்குத் தெரிந்திருக்கும். நான் வருவேன். கேள்வி நேரத்தில் மைக் எனக்குக் கிடையாது என்று முடிவெடுத்திருந்தால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள், முன்வரிசையில் உட்கார்ந்து மைக் இல்லாமலே கேட்டுக்கொள்கிறேன்.