பிள்ளை பெறப்போகிறவளைக் கேட்டாயா?

இங்கே முகநூலுக்குத் தடை, அதைத் தாண்ட விபிஎன் போட்டு உள்ளே வருவதற்குள் கரண்ட் போய்விடுகிறது. அதனால் இன்றே எழுதிவிடுகிறேன்.

நான் ரங்கூனில் கல்யாணம், காதுகுத்து, தீமிதி என்று வீடியோ எடுப்பவன். பிரசவத்தை ஆவணப்படமாக எடுக்கப்போவதாக ஒரு தம்பி யோசனை கேட்டான். "வீட்டுக்காரர் சரின்னுட்டார், மாமியாரும் சரின்னுட்டாங்க அண்ணே." பிள்ளை பெறப்போகிறவள்? "அவங்க ஒண்ணும் சொல்லலை."

எனக்குச் சுருக்கென்றது. நானே அந்தத் தப்பைச் செய்தவன். மூத்தவள் பிறந்தபோது பிரசவ அறைக்குள் விடவில்லை. அதற்கு முன்பு, வலியில் மனைவி கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றதை எடுத்துவிட்டேன். வளைகாப்புக் கண்ணாடி வளையல் கம்பியில் உரசுகிற சத்தம்கூட அதில் விழுந்திருந்தது. தொழில்காரன் புத்தி, சத்தம் சுத்தமாக வந்திருக்கிறதே என்று சந்தோஷப்பட்டேன். பதினாறாம் நாள் கழித்துப் போட்டுக் காட்டினேன். பாதியிலேயே, "இதுல வலிதான் இருக்கு, நான் எங்க இருக்கேன்? அழிச்சிடுங்க" என்றாள். அழித்தேன்.

வலியில் இருப்பவள் வேண்டாம் என்று சொல்லவில்லை என்பது சம்மதம் ஆகாது. முன்னாலும் கேட்க வேண்டும், உடம்பு தேறிய பிறகு காட்டிவிட்டு மறுபடியும் கேட்க வேண்டும். படமே கைவிட்டுப் போனாலும் சரி.

தம்பியை 'மிட்வைவ்ஸ்' பார்க்கச் சொன்னேன். 2022-இல் அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் பரிசு வாங்கிய ஆவணப்படம். நம் மியான்மரின் ரக்கைன் மாநிலத்தில் ஒரு பௌத்த மருத்துவச்சி, அவரிடம் தொழில் பழகும் ஒரு முஸ்லிம் பெண். அங்கேயே பிறந்த ஸ்னோ ஹ்னின் எய் ஹ்லாய்ங் ஐந்து வருடம் அவர்களோடு பழகி எடுத்தார். பிரசவம் வருகிறது, ஆனால் மனதில் நிற்பது அந்த இருவரின் சண்டையும் ஒட்டுதலும்தான். இவன் ஒரு ராத்திரியில் முடித்துவிடலாம் என்று நினைக்கிறான்!

குழந்தை அழுததும் இசையைப் போட்டு முடிப்பதும் எனக்குப் பிடிக்காது. எங்கள் வீட்டில் கதையே அப்புறம்தான் தொடங்கியது. பக்கத்து வீட்டு பர்மிய அம்மா மஞ்சள் அரைத்துக்கொண்டு வந்து உடம்பெல்லாம் பூசச் சொன்னார். நாற்பத்தைந்து நாள் தலையில் தண்ணீர் படக்கூடாதாம். என் மாமியாரோ வெந்நீர்ப் பானையோடு தலைக்கு ஊற்ற நிற்கிறார். மாமியாருக்குப் பர்மிய மொழி அரைகுறை, அந்த அம்மாவுக்குத் தமிழ் சுத்தமாகத் தெரியாது. நடுவில் என் மனைவி, பிள்ளை பெற்றவளுக்கு வைக்கும் செலவு ரசக் கிண்ணத்தைப் பிடித்தபடி சிரிக்கிறாள். அன்று கேமரா பையிலேயே கிடந்தது.

தம்பி நேற்று மறுபடி அந்த வீட்டுக்குப் போனானாம், கேமரா இல்லாமல். அந்தப் பெண் முதலில் கேட்டது, "என் முகம் தெரியுமா?"