புத்தகத்தைப் பார்த்தே இராத மொழிக்காரர்

கார்னிஷ் மொழி எப்போது செத்தது என்று கேட்டால் பலரும் 1777 டிசம்பர் என்பார்கள். இங்கிலாந்தின் தென்மேற்குக் கோடியில், கார்ன்வாலின் மவுசல் என்ற கடலோரச் சிற்றூரில், டாலி பென்ட்ரீத் என்ற மீன்காரப் பாட்டி இறந்த மாதம் அது. அவரோடு மொழியும் போய்விட்டதாம். இந்தக் கதையைக் கேட்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது. பழியெல்லாம் ஒரு கிழவியின் முதுமை மேல் விழுகிறது, செய்தவர்கள் தப்பித்துவிடுகிறார்கள்.

டாலி கடைசி ஆளும் இல்லை. அதே ஊர்க்காரர், வில்லியம் போடினார் என்ற மீனவர், 1776-ல் கார்னிஷிலேயே எழுதிய கடிதம் இருக்கிறது. வயது 65, ஏழை மீனவன் என்கிறார். சிறுவனாக அப்பாவோடும் இன்னும் ஐந்து பேரோடும் கடலுக்குப் போனபோது, ஒரு வாரம் முழுக்கப் படகில் ஓர் ஆங்கிலச் சொல் கேட்பதே அரிதாம். முதியவர்களோடு கடலுக்குப் போய்த்தான் மொழியைக் கற்றாராம். பிறகு சொல்கிறார்: கார்னிஷ் புத்தகம் ஒன்றை நான் பார்த்ததே இல்லை.

அந்த வரியைத் தாண்டிப் போக என்னால் முடியவில்லை. ஏன் பார்க்கவில்லை? மத நாடகங்கள் எழுதப்பட்ட மொழி அது. அந்த எழுத்துக்குத் தாய்வீடாக இருந்த, பென்ரின் ஊரின் கிளாஸ்னி கல்லூரி 1548-ல் மூடப்பட்டது. மறு ஆண்டே தேவாலய வழிபாட்டுக்கு ஆங்கிலப் பிரார்த்தனைப் புத்தகம் கட்டாயமானது. எங்களில் சிலருக்கு ஆங்கிலமே புரியாது, இது வேண்டாம் என்று கார்ன்வால் மக்கள் எழுந்தார்கள். கூலிப்படையையும் சேர்த்துக்கொண்டு வந்த அரசுப் படை ஆயிரக்கணக்கானவர்களைக் கொன்றது. சகோதர மொழியான, வேல்ஸ் நாட்டின் வெல்ஷுக்கு 1588-ல் முழு பைபிள் கிடைத்தது. இன்றும் அது வீடுகளில் புழங்குகிறது. கார்னிஷுக்கு அப்போது பைபிள் வரவே இல்லை. கோயிலில் ஒலிக்காத மொழி மெல்லப் படகுக்குள் ஒதுங்கியது.

1904-ல், மொழியை மீட்க முனைந்த ஹென்றி ஜென்னர் என்ற அறிஞர் கார்னிஷுக்கு ஒரு கையேடு எழுதினார். இதைக் கற்பதால் காசு கிடைக்காது, நடைமுறைப் பயனும் இல்லை என்று அவரே ஒப்புக்கொள்கிறார். பின் ஏன் கற்க வேண்டும்? கார்ன்வால்காரர்கள் என்பதால், அவ்வளவுதான் என்கிறார். எனக்கு இந்த பதில் போதும். அதன் பிறகு எந்த எழுத்துமுறை சரி என்று பல்லாண்டுகள் சண்டை போட்டுக்கொண்டார்கள். 2008-ல்தான் பொது எழுத்துமுறைக்கு உடன்பாடு வந்தது. அந்தச் சண்டையில் வீணான காலத்தை நினைத்தால் வயிறு எரிகிறது. ஆனாலும் அழிந்த மொழி என்று பட்டியலிட்டிருந்த யுனெஸ்கோ 2010-ல் அதை மாற்றிக்கொண்டது. தோண்டி எடுத்த மொழி, அசல் இல்லை என்று சொல்பவர்களை என்னால் ஏற்க முடியாது. அம்மா கார்னிஷில் பேசி வளர்க்கும் குழந்தைக்கு அது தாய்மொழிதான்.

2011 கணக்கெடுப்பில் 557 பேர் அதையே தம் முதன்மை மொழி என்று பதிந்தார்கள். 2016-ல் பிரிட்டனின் மத்திய அரசு, கார்னிஷுக்கு ஆண்டுக்குச் சுமார் 1,50,000 பவுண்ட் என்றிருந்த நிதியை நிறுத்தியது. ஒரு புத்தகத்தைத் திணிக்கப் படை அனுப்பிய அரசின் வாரிசுகள், போடினார் ஊர்ப் பிள்ளைகளின் கையில் ஒரு கார்னிஷ் புத்தகம் கொடுக்கக் கணக்குப் பார்க்கக் கூடாது.